ஈரப் பரிசல்

எங்கள் ஊரில் யாரும் நின்று பேசமாட்டார்கள். வெள்ளிமடுவு அணைக்கரைக்கு நீங்கள் வந்தால் பஸ் நிற்காது, மெதுவாக ஊர்ந்து போகும், அப்போதே குதித்துவிட வேண்டும். குதித்துவிட்டு யாரிடமாவது வழி கேட்டால் அவர் நடந்துகொண்டே சொல்வார், நீங்களும் நடந்துகொண்டே கேட்க வேண்டும், அவர் சொல்லி முடிக்கிற இடம் நீங்கள் தேடி வந்த வீட்டு வாசலாக இருந்தால் உங்கள் அதிர்ஷ்டம். நாங்கள் சோற்றுத் தட்டைக் கையில் ஏந்தி வீட்டைச் சுற்றி வந்தபடி தின்போம். பள்ளிக்கூடத்தில் வாத்தியாரும் பிள்ளைகளும் மைதானத்தைச் சுற்றிக்கொண்டே வாய்ப்பாடு ஒப்பிப்பார்கள். கருப்பராயன் கோயில் பூசாரி, கல்லாய் நட்டு வைத்த சாமி மூடிப்போன பிறகு, திருவிழாவுக்கு எடுக்கும் சின்ன வெண்கலச் சாமியைக் குழந்தை மாதிரி இடுப்பில் வைத்துக்கொண்டு தெருத் தெருவாய் நடக்கிறார், கும்பிடுகிறவர்கள் கூடவே நடந்து கும்பிட்டுக்கொள்கிறார்கள். தாலி கட்டும் மாப்பிள்ளை நடந்தபடி மூன்று முடிச்சுப் போட வேண்டும், அதற்கு ஒரு வாரம் முன்பிருந்தே ஆட்டுக் கழுத்தில் கயிறு கட்டிப் பழகுவான். செத்தவர்களையும் நாங்கள் சும்மா விடுவதில்லை, சிதையில் நெருப்புப் பற்றுகிற வரை பாடையைத் தோளில் வைத்துச் சுற்றிக்கொண்டே இருப்போம்.

எல்லாம் சிப்பியால் வந்தது. விரல்நகம் அளவு, கறுப்பும் பச்சையும் கலந்த நிறம், விளிம்பு பிளேடு போல இருக்கும். முதலில் அணைத் தண்ணீருக்குள்தான் இருந்தது. கருங்கல் சுவரில் ஒட்டியது, மதகின் இரும்பில் ஒட்டியது, மீன்வலையின் கண்ணுக்குக் கண் ஒட்டியது, குடிநீர்க் குழாய்க்குள் ஒட்டி வாய்க்கு வாய் அடைத்தது, ஒட்டிய சிப்பியின் மேலேயே இன்னொரு சிப்பி ஒட்டியது. ஒட்டிக்கொண்டு அது செய்த வேலை ஒன்றுதான், தண்ணீரைக் குடித்து அதிலிருந்த பாசியையும் வண்டலையும் வடிகட்டித் தான் தின்றுவிட்டு வெறும் தண்ணீரைத் துப்பியது. அணை கண்ணாடியாகத் தெளிந்தது. இருபதடி ஆழத்தில் கிடக்கிற ஐந்து ரூபாயில் தலை தெரிகிறதா பூ தெரிகிறதா என்று பந்தயம் கட்டுகிற அளவுக்குத் தெளிந்தபோது, நாங்கள் என்ன செய்தோம் தெரியுமா? கருப்பராயனுக்குக் கிடா வெட்டினோம். சாமி கண் திறந்துவிட்டார் என்று நினைத்தோம், அவ்வளவு புத்திசாலிகள் நாங்கள்.

தெளிந்த தண்ணீரில் மீன் எதைத் தின்னும்? கட்லா தலை பெருத்து உடம்பு வற்றி வந்தது. ரோகு வரவே இல்லை. ஜிலேபி மட்டும் கொஞ்ச நாள் தாக்குப்பிடித்தது, பிறகு அதுவும் போயிற்று. பத்து வருடத்தில் வலை போட ஒன்றும் இல்லை. அதற்குள் சிப்பிகளை நாங்கள் ஒறம்பரை என்று கூப்பிடப் பழகியிருந்தோம். எங்கள் பக்கம் வீட்டுக்கு வருகிற உறவுக்காரர்களை அப்படித்தான் சொல்வோம். விருந்தும் மருந்தும் மூன்று நாள் என்பார்கள், இந்த ஒறம்பரை போகிற வழியைக் காணோம் என்று சிரித்துக்கொண்டோம்.

ஆறு வருடத்துக்கு முன்னால், தண்ணீருக்குள் இனி ஒட்ட இடமில்லை என்றானதும், அவை கரையேறின. எப்படி ஏறின என்று என்னைக் கேட்காதீர்கள், யாரும் பார்க்கவில்லை. சித்திரை மாதத்து மத்தியானத்தில் அணைக் காவலாளி காளியப்பன் சாப்பிட்டுவிட்டு நாற்காலியில் கண்ணயர்ந்தார், சாயங்காலம் அவர் மனைவி தேடி வந்தபோது நாற்காலியில் ஒரு சிப்பிக் குவியல் இருந்தது, அதன் தோளில் கிடந்த பச்சைத் துண்டை வைத்துத்தான் அவள் அடையாளம் கண்டாள். அதற்கப்புறம் கட்டிப்போட்ட எருமை, நிறுத்தி வைத்த சைக்கிள், மைல்கல். ஊர் எல்லைக்குள் அசையாமல் இருக்கிற எதன்மீதும், சோறு பொங்கி வடிக்கிற நேரத்துக்குள் எள் எள்ளாகப் பூத்துவிடும். அப்போதே தேய்த்துவிட்டால் உதிரும். விட்டால் நெல்லாகும், நெல் நகமாகும், பிறகு கடப்பாரைதான்.

பழகிக்கொண்டோம். பச்சைக் குழந்தைகளைத் தூளியிலிருந்து இறக்குவதில்லை. பெரியவர்களும் தூளியில்தான் தூங்குகிறோம், பழைய கிரைண்டர் மோட்டாரைக் கயிற்றில் பூட்டினால் இரண்டு பேரை ஆட்டும். வீடுகளை வாரம் ஒருமுறை வரிசையாகச் சுரண்டுகிறோம். படுத்த படுக்கையாகக் கிடந்தவர்களை முறை வைத்துப் புரட்டினோம். முறைக்காரர் மறந்துபோன நாட்களும் உண்டு, அவற்றைப் பற்றி நாங்கள் பேசுவதில்லை. எல்லைக் கல்லைத் தாண்டினால் ஒன்றும் ஒட்டாது என்பதால் சில பேர் திருப்பூர் பனியன் கம்பெனிகளுக்குப் போனார்கள். எங்கள் ஊர் ஆட்கள் ஒரு நிமிடம் சும்மா நிற்பதில்லை என்று அங்கே நல்ல பெயர்.

இவ்வளவையும் கொண்டுவந்தது யார் என்று ஊரில் ஒரே ஒருத்திக்குத்தான் தெரிந்திருந்தது. அவள் என் பக்கத்து வீட்டுக்காரி பாவாயி.

அவளுக்குப் பிறந்த ஊர் குரும்பனூர் அணை. இருபத்திரண்டு வருடத்துக்கு முன் எங்கள் ஊர்க் குழந்தைவேலுக்கு வாழ்க்கைப்பட்டு வந்தாள். பரிசல் ஓட்டி மீன் பிடிக்கிற எங்கள் ஜனத்தில் ஓர் அணையில் பிறந்த பெண் இன்னோர் அணைக்குக் கல்யாணமாகிப் போனால் சீராக ஒரு பரிசல் கூடப் போகும், அந்தப் பரிசல் ஈரம் காயாமல் போக வேண்டும். தண்ணீரிலிருந்து எடுத்த கையோடு அடியில் நனைந்த சாக்கைச் சுற்றி, உள்ளே பிறந்த ஊர்த் தண்ணீர் ஒரு குடம் வைத்து, வழி நெடுக அதைத் தெளித்துக்கொண்டே போவார்கள். புகுந்த ஊரில் பெண் தன் கையால் பரிசலைத் தண்ணீரில் தள்ளி, மிச்சத் தண்ணீரை ஊற்றுவாள். காய்ந்த பரிசலில் வந்தவள் குடி காயும் என்பது எங்கள் சொலவடை. பாவாயி வந்த அன்று, பாதி வழியில் டெம்போவை நிறுத்திச் சாக்கை நனைக்கும்போது, பரிசலின் தார் பூசிய அடியில் எள் எள்ளாக ஏதோ விரலில் உறுத்தியிருக்கிறது. நகத்தால் சுரண்டினாள். கூட வந்த அத்தைக்காரி கையைத் தட்டிவிட்டாள், "கண்ணாலப் பரிசலைச் சுரண்டறியே, குடும்பத்தைச் சுரண்டுனாப்லடி!" புதுப்பெண், வாயை மூடிக்கொண்டாள்.

இது அவளுக்கே பல வருடம் மறந்துபோயிருந்தது. போன வருடம் மீன்வளத் துறையிலிருந்து ஓர் அம்மா வந்தார், ஜீப்பை நிறுத்தாமல் தெருவைச் சுற்றிச் சுற்றி வந்து மைக்கில் சொன்னார், "கண்ணுக்குத் தெரியாத குஞ்சு தண்ணியில மிதக்குது. இன்னொரு அணைக்குப் பரவ ஒரு குடம் தண்ணி போதும். பரிசல், வலை எதையும் ஒரு மாசம் வெயில்ல காயவைக்காம வெளியூர் கொண்டு போகாதீங்க." நாங்கள் தலையாட்டிக்கொண்டே நடந்தோம். பாவாயி மட்டும் ஒரு குடம் தண்ணி என்ற இடத்தில் அப்படியே நின்றுவிட்டாள். நான்தான் அவள் முதுகில் ஓர் அடி போட்டு நடக்க வைத்தேன். அவள் முகத்தைப் பார்த்து எனக்குப் பயமாக இருந்தது.

அதற்கு மூன்று வாரம் முன்புதான் அவளுடைய ஒரே பெண் இந்துமதியை வேங்கைப்பள்ளம் அணையில் பேசி முடித்திருந்தார்கள். நானூறு குடும்பம் மீனை நம்பிப் பிழைக்கிற ஊர், செம்மண் தண்ணீர், கெளுத்தி கை நீளத்துக்குக் கிடைக்கும். ஈரப் பரிசல் அங்கே போகப்போகிறது.

புருஷனிடம் சொன்னாள், வீட்டைச் சுற்றி நடந்தபடி எல்லாவற்றையும் சொன்னாள். குழந்தைவேல் நல்ல மனுஷன், ஆனால் பயந்தாங்கொள்ளி. "இந்தப் பேச்சை இத்தோட உட்டுரு பாவாயி. நீதான் கொண்டாந்தேன்னு தெரிஞ்சா காளியப்பன் பொண்டாட்டி நம்ம ஊட்டுக்கு மண்ணை வாரி உடுவா. புள்ள கண்ணாலம் நின்னு போகும்," என்றான்.

மீனவர் சங்கத் தலைவர் மாரப்பனிடம் போனாள். தான் கொண்டுவந்ததைச் சொல்லவில்லை, பரிசலைக் காயவைத்து அனுப்பலாமா என்று மட்டும் கேட்டாள். மாரப்பன் நடையை வேகப்படுத்தினார். "உனக்கென்னாத்தா, கிறுக்கா? காஞ்ச பரிசலை அனுப்புனா ஏன்னு கேக்க மாட்டாங்களா? நம்மூர்ல இப்படியொரு சீக்குன்னு வெளிய தெரிஞ்சுதுன்னா எவன் நம்ம புள்ளைகளைக் கட்டுவான்? இன்னும் பதினேழு புள்ளைக இருக்குது இந்த ஊர்ல. அந்த ஜீப்பம்மா சொல்லிட்டுப் போயிருவா, வாழறது நாமல்ல?"

அவர் சொன்னதுதான் ஊரின் பேச்சாகவும் இருந்தது. வெளியூரார் வந்தால் நாங்கள் எதையும் காட்டிக்கொள்வதில்லை. மாப்பிள்ளை வீட்டார் கல்யாணத்துக்கு நாள் குறிக்க வந்த அன்று அவர்களை ஊஞ்சலில் உட்காரவைத்து ஆட்டினோம், ஆட்டி முடித்து "வாங்க, ஊரைச் சுத்திப் பாக்கலாம்" என்று கூட்டிக்கொண்டு சுற்றினோம், திரும்ப ஊஞ்சல், திரும்ப ஊர். மாப்பிள்ளையின் அப்பா அங்கமுத்துக்கு மூச்சு வாங்கியது. "உங்கூர்ல எல்லாரும் நெம்பச் சுறுசுறுப்புங்க," என்றார். தண்ணீரைப் பார்த்துவிட்டு, பாலில் கலக்கலாம் போல இருக்கிறது என்று புகழ்ந்தார். பாவாயி அப்போது வாய் திறந்தாள், "ஏனுங்க சம்பந்தி, இந்தத் தண்ணியில சீக்கிருக்குதுங்க, பரிசல் வேண்டாமுங்க" என்றாள். மாரப்பன் உரக்கச் சிரித்து, "புள்ளையப் பிரியற வெசனமுங்க, பெத்த மனசு என்னென்னமோ ஒளறுது," என்றார். நாங்களும் சிரித்தோம். அங்கமுத்து அவளைப் பார்த்துப் பரிதாபமாகத் தலையாட்டினார்.

அதற்கப்புறம் அவள் யாரையும் கேட்கவில்லை. புதுப் பரிசலை ஊர்க்காரர்கள் வழக்கப்படி ஒரு மாதம் தண்ணீரில் ஊறப் போட்டிருந்தார்கள், அதைத் தனியாளாக இழுத்துவந்து, அடியைத் தார் தெரியச் சுரண்டி, வேப்பமரத்துக் கிளையில் கயிறு கட்டி வெயிலில் தொங்கவிட்டாள். அதுவும் மோட்டார் ஆட்டுகிற தூளி மாதிரி ஆடிக்கொண்டிருந்தது. ஒரு நாள் காய்ந்திருக்கும். பிறகு தண்ணீருக்குப் போகிற வருகிற பெண்கள், ஐயோ பாவம், கல்யாணப் பரிசல் காய்கிறதே, தனியாளாக அவளால் நனைக்க முடியவில்லை போலிருக்கிறது என்று ஆளுக்கொரு குடம் ஊற்றினார்கள். அவள் விரட்டினால், அவள் பார்க்காதபோது ஊற்றினார்கள். நானும் ஒரு குடம் ஊற்றினேன். அந்தப் பெண் நன்றாக வாழ வேண்டும் என்று மனதார வேண்டிக்கொண்டுதான் ஊற்றினேன். இப்போது நினைத்தால் கை கூசுகிறது.

கல்யாணத்துக்கு முதல் நாள் மாரப்பன் பரிசலை இறக்கித் திரும்பத் தண்ணீரில் போட்டுவிட்டார். கொளுத்திவிடுவேன் என்று பாவாயி சொன்னதற்கு, "கொளுத்து. சங்கத்துல முப்பது பரிசல் கெடக்குது," என்று பதில் சொன்னார்.

கல்யாணம் நன்றாகவே நடந்தது. பூசாரி சாமியைத் தூக்கிக்கொண்டு முன்னால் நடக்க, பின்னால் மாப்பிள்ளை நடந்தபடி தாலி கட்டினான், வேங்கைப்பள்ளத்துக்காரர்கள் இதென்ன வழக்கம் என்று சிரித்துக்கொண்டே கூடவே நடந்தார்கள். பாவாயி கண்ணெடுக்காமல் மூன்றாவது முடிச்சு விழுகிறவரை பார்த்தாள். பிறகு மகளின் கன்னத்தைத் தடவித் தன் விரலை முத்தமிட்டுக்கொண்டு, பரிசல் துறைக்கு நடந்தாள். பெண்ணைப் பெற்றவள் பரிசலை மூன்று சுற்றுச் சுற்றிக் கரைக்குக் கொண்டுவந்து தூக்கிக் கொடுப்பது முறை. ஆகவே யாரும் அவளைத் தடுக்கவில்லை. டெம்போவில் நனைந்த சாக்கு விரித்துத் தயாராக இருந்தது.

மூன்று சுற்றுச் சுற்றினாள். கரைக்கு வரவில்லை, நடு அணைப் பக்கம் போனாள். எல்லோர் கண்ணிலும் படுகிற தூரத்தில் துடுப்பை எடுத்துத் தண்ணீரில் வீசிவிட்டு, பரிசலின் நடுவில் சம்மணமிட்டு உட்கார்ந்தாள்.

எங்கள் ஊரில் ஒருவர் அசையாமல் உட்கார்ந்திருப்பதை நாங்கள் பார்த்து ஆறு வருடமாகியிருந்தது. கரையில் கால் மாற்றிக் கால் மாற்றித் தவித்தோம். குழந்தைவேல் தன் பரிசலில் பாய்ந்து போனான், அவளைச் சுற்றிச் சுற்றி வந்தான். தண்ணீருக்கு மேல் குரல் நன்றாகக் கேட்கும்.

"எந்திரி பாவாயி! சித்த கையைக் காலை ஆட்டு! உன்னைக் கும்புடறேன்!"

"இருங்க, உக்காந்துக்கறேன். கால் நெம்ப நோவுது."

"புள்ள கண்ணாலத்தன்னிக்கு என்ன வேலை இது?"

"வாயால சொன்னேன், யாருங் கேக்கல. கண்ணால பாக்கட்டும்," என்றாள். பிறகு கரையைப் பார்த்துக் கத்தினாள், "சம்பந்தி! இது எங்கூட்டுப் பரிசல்ல வந்ததுங்க! குரும்பனூர்ல இருந்து நாந்தான் கொண்டாந்தேன்! காளியப்பண்ணனைக் கொன்னது நானுங்க! எம்புள்ளையும் உங்கூருக்கு இதைக் கொண்டாரக் கூடாதுங்க! நல்லாப் பாத்துக்கோங்க!"

காளியப்பனின் மனைவி என் பக்கத்தில்தான் இருந்தாள். நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டேன், அவள் நடப்பதை நிறுத்தவில்லை.

எங்கள் கூடவே நடந்தபடி அங்கமுத்து நன்றாகப் பார்த்தார். பாவாயி கல்யாணத்துக்குக் கட்டியிருந்த சேலையில் முதலில் கறுப்பு எள் தூவியதுபோல இருந்தது, பிறகு மடி மூடியது, கை மூடியது. பரிசலின் விளிம்பு சிப்பிக் கனத்தில் தண்ணீர் மட்டத்துக்கு இறங்கியது. குழந்தைவேல் எட்டி அவள் தோளைச் சுரண்டினான், விரல்கள் கிழிந்து ரத்தம் வந்தது, விட்டுவிட்டுச் சுற்றினான், திரும்பச் சுரண்டினான். அம்மா அம்மா என்று தண்ணீருக்குள் ஓடிய இந்துமதியை, "பாவாயி புள்ளையை நனைய உடாதீங்க" என்று பிடித்து இழுத்தது, யார் தெரியுமா, மாரப்பன்தான். கழுத்து வரை ஏறியபோது பாவாயி கண்ணை மூடிக்கொண்டாள். அப்பாடா என்று அவள் சொன்னது எங்களுக்குக் கேட்டது. பரிசல் அப்படியே நேராக இறங்கி இருபதடி ஆழத்தில் உட்கார்ந்தது.

அதையே பார்த்து நின்றுவிட்ட அங்கமுத்து குனிந்து தன் செருப்பைப் பார்த்தார். விளிம்பில் நாலைந்து எள். அதைக் கழற்றி அங்கேயே போட்டார். தன் ஆட்கள் எல்லோரையும் கழற்றச் சொன்னார். டெம்போவிலிருந்த சாக்கையும் குடத்தையும் இறக்கி வைத்துவிட்டு, எங்கள் மாரப்பனிடம், "பரிசல் வேண்டாமுங்க. பொண்ணு எங்க பொண்ணு, கூட்டிப் போறோம். காஞ்சு வரட்டும்," என்றார். இருபது வருடத்தில் ஒருவராவது இதைச் சொல்லியிருந்தால் என்று நினைத்துக்கொண்டேன். டெம்போவை அனுப்பிவிட்டு, பெண்ணும் மாப்பிள்ளையும் அத்தனை உறவும், பங்குனி வெயிலில், வெறுங்காலோடு, ஆறு குளம் எதிலும் இறங்காமல் மூன்று நாள் நடந்தே வேங்கைப்பள்ளம் போனார்கள். கல்யாணச் சேலை வியர்வையில் நனைந்து காய்ந்து உப்புப் பூத்திருந்ததாம். ஊர் எல்லையில் ஆரத்திக்குத் தண்ணீர் கரைக்காமல் வெறும் சூடம் காட்டி உள்ளே அழைத்தார்களாம். இப்போது அங்கே எந்த ஊரிலிருந்து பெண் வந்தாலும் காய்ந்துதான் வரவேண்டும் என்று கேள்வி.

எங்கள் ஊரில் எதுவும் மாறவில்லை. நடந்துகொண்டிருக்கிறோம். பதினேழு பெண்களில் இரண்டு பேருக்குத்தான் இடம் வந்திருக்கிறது. அணையில் வேலையொன்றும் இல்லாவிட்டாலும் குழந்தைவேல் தினமும் பரிசலை எடுத்துக்கொண்டு நடு அணைக்குப் போய் அவள் இருக்கிற இடத்துக்கு மேலே சுற்றிக்கொண்டிருப்பான். தண்ணீர் அவ்வளவு தெளிவு, கரையிலிருந்து பார்த்தாலே தெரியும், சம்மணமிட்டபடி இருக்கிறாள். மறைப்பதற்கு ஒரு பிடி சேறுகூட இல்லை.

ஐப்பசியில் ஒரு காலை இந்துமதி போன் செய்தாள். குழந்தைவேல் அப்போது நடு அணையில் இருந்தான், ஸ்பீக்கரில் போட்டிருந்ததால் கரையில் நடந்துகொண்டிருந்த எங்களுக்கும் கேட்டது.

"அப்பா, இங்க நல்ல மழைங்கப்பா. ஆத்துல இருந்து செந்தண்ணி வந்து உழுந்திருச்சு. கையை உட்டா கை தெரியறதில்லீங்க. நெம்பக் கலங்கலா இருக்குதுங்கப்பா. அம்மாகிட்டச் சொல்லுங்க."

குழந்தைவேல் சொன்னான். நிறுத்திச் சொல்ல முடியாது, அதனால் ஒரு சுற்றுக்கு ஒருமுறை தலையைக் குனிந்து, "கலங்கலா இருக்குதாம் பாவாயி," என்றான். இன்னொரு சுற்று வந்து, "கை தெரியறதில்லையாம்," என்றான். ஏழெட்டுச் சுற்று அதையே சொன்னான்.

"அம்மா என்ன சொன்னாங்கப்பா?" என்றது போன்.

அவன் துடுப்பு போட்டபடி கீழே பார்த்தான்.

"ஒண்ணுஞ் சொல்லல கண்ணு. உக்காந்திருக்கா."